அரை நிமிடம் முந்தியவர்

திண்டிவனத்தில் நாங்கள் மாடியில் குடிவந்து பல வருடம்வரை எங்கள் சென்னை அணி போட்ட ஒரு கோலைக்கூட நான் ஒழுங்காகப் பார்த்ததில்லை. என் போனில் பந்து இன்னும் நடு மைதானத்தில் உருண்டுகொண்டிருக்கும். எங்கள் ஆள் ஒருவன் குனிந்து ஷூ லேஸ் கட்டிக்கொண்டிருப்பான். அதற்குள் கீழ் வீட்டிலிருந்து "கோ...ல்!" என்று ஒரு கூச்சல் கிளம்பி, தரை வழியாக என் பாதத்தில் ஏறும். அப்புறம் நான் எதைப் பார்ப்பது? பந்தலைப் பிரித்த பிறகு கல்யாண வீடியோ பார்க்கிற மாதிரி உட்கார்ந்து பார்ப்பேன்.

கூச்சல் போட்டவர் எங்கள் ஹவுஸ் ஓனர். பெயர் வேண்டாம். இது அவர் கையில் கிடைத்தால் முதலில் கடைசிப் பத்தியைப் படித்துவிட்டு, மற்றவர்கள் படிப்பதற்குள் தெருவுக்கே சொல்லிவிடுவார்.

விஷயம் தெரியாதவர்களுக்கு ஒரு வார்த்தை. நேரலை என்று மூலையில் எழுதிப் போடுகிறார்களே தவிர, ஆட்டம் எல்லார் வீட்டுக்கும் ஒரே நேரத்தில் வந்து சேர்வதில்லை. கேபிள் டி.வி.யில் முதலில் வரும். டிஷ் வைத்திருப்பவர்களுக்குக் கொஞ்சம் பின்னால் வரும். இன்டர்நெட்டில், ஆப் வழியாகப் பார்க்கிறவர்களுக்கு ஆடி அசைந்து அரை நிமிடம் கழித்துத்தான் வரும். மழை பெய்தால் அதுவும் நிச்சயமில்லை, திரை நடுவில் ஒரு வட்டம் சுற்றிக்கொண்டிருக்கும். கீழே அவருக்குக் கேபிள். மேலே எனக்கு ஆப். சண்டைக்கு இது போதாதா?

நான் விழுப்புரத்துக்காரி. பள்ளிக்கூட டீமில் ஃபுட்பால் ஆடியவள். எனக்குக் கொடுத்த இடம் டிஃபன்ஸ், நம்ம கோலுக்கு முன்னால் மலை மாதிரி நின்றால் போதும் என்று மாஸ்டர் சொல்லிவிட்டார். எதிர்ப்பக்கம் கோல் விழுந்தால் தூரத்தில் நாலு பேர் கட்டிப்பிடித்துக் குதிப்பது மட்டும் தெரியும். கல்யாணமாகித் திண்டிவனம் வந்த பிறகும் வேலை விழுப்புரத்தில்தான், ஒரு கண் ஆஸ்பத்திரியில் கண்ணாடி கொடுக்கிற பிரிவில். பஸ்ஸில் இடிபட்டு ஆறரைக்கு வீட்டுக்கு வந்து, குக்கரை ஏற்றிவிட்டு, ஏழரைக்கு ஆட்டத்துக்கு உட்கார்வேன். வாரத்தில் எனக்கென்று இருந்தது அந்த இரண்டு மணி நேரம். நான் கேட்டது என்ன, பங்களாவா? ஒரே ஒரு கோல். என் கண்ணால். யாரும் சொல்லாமல்.

அது அவரிடம் நடக்காது. அவர் பஸ் ஸ்டாண்டில் டைம் கீப்பராக இருந்து ரிட்டயர் ஆனவர். வந்து நிற்கிற வண்டியைச் சொல்வதுதான் அந்த வேலை. இவர் வரப்போகிற வண்டியைச் சொன்னவர். கண்டக்டர்கள் எல்லாரும் இவருக்கு போனில் சிநேகிதர்கள். "மெட்ராஸ் வண்டி விக்கிரவாண்டி தாண்டிச்சு, போறவங்க ரெடியா இருங்க" என்று மைக்கில் சொன்னதும் சனம் மூட்டையைத் தலைக்கு ஏற்றும். வண்டி வந்து சேரும்வரை கழுத்து வலிக்க அப்படியே நிற்கும். இறங்கி வருகிற கண்டக்டரிடம் இவர் பெருமையாக, "நான் அப்பவே சொல்லிட்டேன்ல?" என்பாராம். இதை அவரே என்னிடம் சொன்னார். அதில் கேலி இருக்கிறது என்பது அவருக்குத் தெரியவே தெரியாது.

ரிட்டயர் ஆன பிறகு தெரு முழுக்க அவருக்கு பஸ் ஸ்டாண்டு ஆகிவிட்டது. கேட்டுக்கு உள்ளே ஒரு பிளாஸ்டிக் நாற்காலி, தோளில் துண்டு, பனியனுக்கு பாக்கெட் கிடையாது என்பதால் காதில் சொருகிய பேனா. சினிமாவுக்குப் போகிறவர்கள் அந்த கேட்டைத் தாண்டும்போது மார்க்கெட்டுக்குப் போவதாகச் சொல்லிவிட்டுப் போவார்கள். தப்பித் தவறி உண்மையைச் சொல்லிவிட்டால் தீர்ந்தது. "போ, போ, நல்ல படம். கடைசில அந்தத் தம்பிகாரன்தான் எல்லாம் பண்ணிக்கினு இருந்தவன். நீ பயப்படாம பாரு."

பயப்படாமல் பார்க்கவா காசு கொடுத்து டிக்கெட் வாங்குகிறோம்?

அவருடைய டி.வி.யைப் பற்றியும் சொல்ல வேண்டும். பழைய பெட்டி டி.வி. எங்கள் அணியின் சட்டை அதில் என்ன நிறம் என்று சொல்ல முடியாது. பந்து தெரியவே தெரியாது. ஆட்கள் ஓடுகிற திசையை வைத்து இந்தப் பக்கம் இருக்கலாம் என்று ஊகிக்க வேண்டும். ஒருநாள் கேபிள்காரர் வந்து, ஹெச்.டி. பெட்டி போட்டுத் தருகிறேன், புல் ஒவ்வொன்றாகத் தெரியும் என்று கெஞ்சினார். நான் மாடிப்படியில் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன்.

"வேணாம்ப்பா. அது சோக்கா வரும். ஆனா லேட்டா வரும்."

"ரெண்டு செகண்டுதான் சார். இதுல பந்தே தெரியலியே?"

"பந்து தெரியாட்டி இன்னாப்பா, கோலு தெரிஞ்சா போதாதா?"

கேபிள்காரர் என்னை நிமிர்ந்து பார்த்தார். நான் இரண்டு கையையும் விரித்துக் காட்டிவிட்டு மேலே ஏறிவிட்டேன்.

நானும் என்னென்னவோ செய்து பார்த்தேன். காதில் இயர்போன் மாட்டினேன். கூச்சல் காதுக்கு வரவில்லை, தரை வழியாக வந்தது. காலைத் தூக்கிக் கட்டிலில் வைத்துக்கொண்டேன். கட்டிலின் காலும் தரையில்தானே நிற்கிறது! டிஷ் போடலாம் என்று என் வீட்டுக்காரர் சொன்னார். போட்டோம். அப்போதும் கீழ் வீடு நாலைந்து வினாடி முந்தியது. முன்பாவது அரை நிமிடம் முந்தி வருகிற செய்தியை ஜீரணிக்க நேரம் இருந்தது. இப்போது ஃபார்வர்டு ஆள் காலைத் தூக்கும்போதே கூச்சல் வந்தது. அதற்கு ஆப்பே தேவலை என்று பழையபடி போனுக்கே வந்துவிட்டேன்.

ஒரு முக்கியமான ஆட்டத்தன்று விழுப்புரத்தில் அம்மா வீட்டுக்கே போய்விட்டேன். நடுவில் முப்பத்தைந்து கிலோமீட்டருக்கு மேல் நெடுஞ்சாலை கிடக்கிறது, எந்தத் தொண்டையும் எட்டாது. ஆப்பை டி.வி.யில் போட்டுவிட்டு, போனை அணைத்து பீரோவில் வைத்தேன். அம்மா மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, அவித்துக் கிண்ணத்தில் கொண்டுவந்து வைத்தாள். பாதி ஆட்டத்தில் அம்மாவின் போன் அடித்தது. பேசிவிட்டு முகம் வெளுத்து ஓடி வந்தாள்.

"உங்க ஹவுஸ் ஓனராம்டி. ஏதோ அவசரமாம். உடனே குடுக்கச் சொல்றாரு."

வீடு பற்றிக்கொண்டதோ, என் வீட்டுக்காரருக்கு ஏதாவது ஆகிவிட்டதோ என்று போனைப் பிடுங்கினேன்.

"இன்னாம்மா, போன் ஆஃப் பண்ணிக்கினு எங்க போய்ட்ட? உனக்குத் தெரியாம போய்டப் போவுதுன்னு எவ்ளோ பேஜாரு தெரியுமா. கோல்மா! நம்மளுது!"

அம்மாவின் நம்பர் எப்படிக் கிடைத்தது என்று பிறகு விசாரித்தேன். என் வீட்டுக்காரர் கொடுத்திருக்கிறார். "அவசரம்னு கேட்டாரு, கொடுத்தேன்" என்றார். அவரையும் குற்றம் சொல்ல முடியாது. அந்த மனிதர் குரலில் இருந்த பதற்றத்துக்கு நான் என்றாலும் கொடுத்திருப்பேன்.

இதெல்லாம் ஆட்டத்தோடு நின்றிருந்தால் சிரித்துவிட்டுப் போயிருப்பேன். நான் மாசமான செய்தியை என் வீட்டுக்காரருக்கு முதலில் சொன்னவரும் ஹவுஸ் ஓனர்தான். ஆமாம். எனக்கே அன்று காலையில்தான் உறுதியானது. சாயந்திரம் என் வீட்டுக்காரருக்குப் பிடித்த பால் பாயசம் வைத்து, தட்டில் சாப்பாட்டுக்குப் பதில் முதலில் அதைப் போட்டு, எதற்கென்று அவரைக் கேட்க வைத்து, அப்புறம் சொல்ல வேண்டும் என்று பஸ்ஸில் வரும்போதே யோசித்து வைத்திருந்தேன். கேட்டுக்குள் நுழையும்போது ஹவுஸ் ஓனரின் சம்சாரம் மீன் வறுத்துக்கொண்டிருந்தார்கள். அந்தம்மாவை நாங்கள் அம்மா என்றுதான் கூப்பிடுவோம். வாசனை தாங்காமல் முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டு படியேறினேன். அவ்வளவுதான் நான் செய்தது. பிளாஸ்டிக் நாற்காலி அதைப் பார்த்துவிட்டது.

என் வீட்டுக்காரர் மேலே வந்தபோது முகமெல்லாம் பல். "ஆமாவா? கீழ சொன்னாரே!" என்றார். அடுப்பில் பாயசம் கொதித்துக்கொண்டிருந்தது. கரண்டியைப் போட்டுவிட்டு ஓவென்று அழுதேன். அவர் சந்தோஷத்தில் அழுகிறேன் என்று நினைத்துத் தோளைத் தட்டிக்கொடுத்தார். அழுகை நின்றதும் கீழே போய்க் கத்தினேன்.

"என் சேதியச் சொல்ல நீங்க யாரு சார்? அதை நான்தானே சொல்லணும்?"

அவர் நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டார். நிஜமாகவே புரியாமல் விழித்தார்.

"சந்தோஷ சேதிம்மா. அதை இன்னாத்துக்கு வச்சிக்கினு இருக்கணும்? ஆறிப் போய்டாதா?"

கீழ் வீட்டு அம்மா உள்ளேயிருந்து வந்து அவர் தலையில் நங்கென்று ஒரு குட்டு வைத்தார்கள். பிறகு என் கையைப் பிடித்து உள்ளே கூட்டிப்போய்த் தண்ணீர் கொடுத்தார்கள். இந்த மனிதருக்கு உள்ளே ஏதோ துக்கம் இருக்கும், ஏதோ ஒரு செய்தி காலத்தில் கிடைக்காமல் அடிபட்டிருப்பார், அதுதான் இப்படி ஆகிவிட்டார் என்று எனக்கு ஓர் எண்ணம் உண்டு. கதைகளில் அப்படித்தானே வரும்! அன்றைக்குக் கேட்டேவிட்டேன்.

"துக்கமா? ஒரு மண்ணும் இல்ல" என்றார்கள் அம்மா. "பொறந்ததுலேர்ந்து இப்படித்தான். பொண்ணு பாக்க வந்தப்ப எங்க வீட்டு ஆளுங்க கலந்துக்கினு சொல்றோம்னாங்க. இவுரு வாசல்ல செருப்ப மாட்டிக்கினே தெருவுல எல்லார்கிட்டயும் தை மாசம் கல்யாணம்னு சொல்லிட்டுப் போய்ட்டாரு. அப்புறம் எங்கப்பாவால மாத்த முடியல."

சத்தம் போடக் கூடாது என்று அன்று அவரிடம் சத்தியம் வாங்கினேன். பலமாகத்தான் செய்தார். "இனிமே என் வாயே தொறக்காது. நீ பாட்டுக்கு பாத்துக்கோ." அடுத்த ஆட்டம். கீழே மயான அமைதி. கை தட்டல் இல்லை, இருமல்கூட இல்லை. எனக்கு நெஞ்செல்லாம் குளிர்ந்தது. கொஞ்ச நேரத்தில் தண்ணீர் மோட்டார் ஓடுகிற சத்தம் கேட்டது. காலையில்தானே டேங்க் நிரப்பினார் என்று யோசித்துக்கொண்டே இருந்தேன், எங்கள் அணி கோல் போட்டது. மோட்டார் நின்றது. இடைவேளைக்குப் பிறகு மறுபடி மோட்டார், மறுபடி கோல். அப்போதும் நான் தற்செயல் என்றுதான் நினைத்தேன் என்றால் என் புத்தியைப் பாருங்கள். மூன்றாவது தடவை மோட்டார் ஓடியபோது டேங்க் நிரம்பி ஜன்னலுக்கு வெளியே அருவியாகக் கொட்டியது. எட்டிப் பார்த்துக் கத்தினேன்.

"சார், டேங்க் வழியுது சார்!"

"மூணு கோல்மா! வழியாம இன்னா பண்ணும்?"

மூன்றாவது எனக்கு இன்னும் வந்திருக்கவில்லை. சத்தியம் பண்ணினீர்களே என்று மறுநாள் கேட்டதற்கு, வாயைத் திறக்கவில்லையே என்றார். எதிரணி கோல் போட்டால் என்ன செய்வதாக இருந்தார் என்று கேட்டு வைத்துக்கொண்டேன். இரும்பு கேட்டை டமாரென்று சாத்துவதாகத் திட்டமாம். பின்னால் பல ஆட்டங்களில் அந்த கேட்டையும் கேட்டேன்.

ஒன்று சொல்லிவிட வேண்டும், இல்லாவிட்டால் என் வயிற்றெரிச்சலைத்தான் எழுதுகிறேன் என்று ஆகிவிடும். ஒரு பெருமழை நாளில், மதியம் தூறல் மட்டுமே இருந்தபோது, யாரோ கண்டக்டர் போனில் சொன்னதைக் கேட்டுவிட்டு, ஏரி தண்ணீர் வருகிறது என்று குடையும் இல்லாமல் வீடு வீடாகக் கதவைத் தட்டியவர் அவர்தான். திட்டிக்கொண்டேதான் எல்லாரும் ஃபிரிட்ஜையும் அரிசி மூட்டையையும் கட்டில்மேல் ஏற்றினோம். பொழுது சாய்வதற்குள் தெருவில் முழங்கால் தண்ணீர். அன்றைக்கு அவரை யாரும் ஒன்றும் சொல்லவில்லை. அவர் கீழ் வீட்டில் மட்டும் சாமான்கள் எல்லாம் தரையிலேயே நனைந்து கிடந்தன. தெருவுக்குச் சொல்லி முடித்து வீட்டுக்கு வர அவருக்கு நேரம் போதவில்லை.

அப்புறம், என் குழந்தை பிறந்து நடக்க ஆரம்பித்த வருடம்தான், அந்த சீசன் வந்தது. இனிமேல் ஆட்டங்கள் டி.வி. சேனலில் கிடையாது, ஆப்பில் மட்டும்தான் என்று அறிவித்துவிட்டார்கள். போனில் செய்தியைப் படித்தபோது எனக்கு உள்ளுக்குள் பட்டாசு வெடித்தது. கீழே போனேன். வாழ்க்கையில் முதல் தடவையாக அவருக்குத் தெரியாத ஒன்றை நான் அவருக்குச் சொல்லப்போகிறேன்!

கேட்டுவிட்டு அவர் துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தார். "அப்ப கேபிள்ல வராதா?" என்றார். "வராது சார்." "ஹெச்.டி.ல?" "எதுலயும் வராது சார்." காதிலிருந்த பேனாவை எடுத்துப் பார்த்துவிட்டுத் திரும்பச் சொருகிக்கொண்டார். எனக்கே பாவமாகிவிட்டது.

ஆனால் விடுகிற ஆளா? துபாயில் இருக்கும் மகன் பெரிய ஸ்மார்ட் டி.வி. வாங்கி அனுப்பினான். ஆப்பை நான்தான் போட்டுக் கொடுத்தேன். ஓ.டி.பி. வந்தபோது அதை வழக்கப்படி வாய்விட்டுப் படித்தார், தெருவில் போன காய்கறிக்காரர் திரும்பிப் பார்த்தார். முதல் ஆட்டத்தன்று லீவு போட்டு நான் வீட்டில் இருந்தேன். பிற்பகல் மூன்று மணிக்கே கீழே டி.வி. ஓடுகிற சத்தம். ஏழரைக்குத்தான் ஆட்டம் என்று சொல்லப் போனால், ஆப்பைத் திறந்து ஆட்டத்தின் படத்தின்மேல் நிறுத்தி வைத்துவிட்டு, ரிமோட்டை மடியில் போட்டு உட்கார்ந்திருக்கிறார்.

"இப்பவே ஏன் சார்?"

"ஊர்ல அத்தினி பேரும் ஏழரைக்குத்தான் வருவான். கூட்டத்துல நமக்கு எங்க கெடைக்கும்? முன்னாடியே ஏறி உக்காந்துக்கினா நமக்குத்தான் மொதல்ல வரும்."

பஸ் ஸ்டாண்டில் பாதி ஆயுளைக் கழித்தவருக்கு இன்டர்நெட்டும் ஒரு வண்டிதான். இது அப்படியில்லை என்று எவ்வளவோ விளக்கினேன். ஆப் எல்லாருக்கும் அனுப்பும், அவரவர் லைன், அவரவர் டி.வி.யைப் பொறுத்து முன்னே பின்னே வரும் என்றேன். "நீ சின்னப் பொண்ணு, உனக்குத் தெரியாது" என்றார். ஜன்னல் சீட்டுக்குத் துண்டு போட்ட ஆளைப் போல நிம்மதியாக உட்கார்ந்திருந்தார்.

ஏழரைக்கு ஆட்டம் தொடங்கியது. கீழிருந்து வருகிற வர்ணனை என் போனில் வருவதற்கு ரொம்பப் பின்னால் வந்துகொண்டிருந்தது. அந்த ஸ்மார்ட் டி.வி.யில் அரை நிமிடம் தாமதம், என் போனைவிட! முதலில் நம்பவே முடியவில்லை. போனை அணைத்துத் திறந்து பார்த்தேன். நான்தான் முந்தி.

இடைவேளைக்குச் சற்று முன்னால் எங்கள் ஆள் இடது பக்கம் பந்தோடு ஓடினான். கீழே சத்தமில்லை. ஒருத்தனை ஏமாற்றித் தாண்டினான். கீழே மோட்டாரில்லை. இப்படித்தான் இருக்குமா, ஒன்றும் தெரியாமல் பார்ப்பது? அவன் காலைத் தூக்கினான். பந்து கோல்கீப்பரின் விரலைத் தொட்டு, கம்பத்தின் உள்பக்கம் பட்டு, வலைக்குள் போய் விழுந்தது. பார்த்துவிட்டேன். என் கண்ணால், யாரும் சொல்லாமல், பார்த்தேவிட்டேன்!

சந்தோஷத்தை ஓர் ஓரமாக உட்கார்ந்து அனுபவித்திருக்க வேண்டும். நான் என்ன செய்தேன்? தரை அதிர இரண்டு காலாலும் குதித்து, "கோல் சார்! கோல்!" என்று தொண்டை கிழியக் கத்தினேன். என் வீட்டுக்காரர் சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்தார். அவர் பார்த்த பார்வை இன்னும் நினைவிருக்கிறது.

கீழிருந்து அவர் குரல், "நெசமாவா? நம்மளுதா?"

"நம்மளுதுதான் சார்! இப்ப வரும் பாருங்க!"

மறுநாள் காலையில் மன்னிப்புக் கேட்கலாமா, பழி தீர்ந்தது என்று விட்டுவிடலாமா என்று யோசித்துக்கொண்டே இறங்கினேன். அவர் கேட்டருகே எனக்காகக் காத்துக்கொண்டிருந்தார். முகத்தில் அவ்வளவு தெளிவு.

"நீ சொன்னப்புறம் பாத்தது எவ்ளோ நிம்மதியா இருந்திச்சு தெரியுமா? இல்லாகாட்டி எனக்கு நெஞ்சு படபடன்னு அடிச்சிக்கும்மா. இன்னா ஆவுமோ, ஏது ஆவுமோன்னு உக்காந்துக்கினு இருக்கிறது இருக்குதே, அது என்னால ஆவாது. இத்தினி நாளு உனக்கு நான் இன்னா பண்ணேன்னு நெனச்ச? அந்த பேஜாரு உனக்கு வேணாமேன்னுதான் சொன்னேன்."

வருடக்கணக்கில் என் சந்தோஷத்தைத் திருடுகிறார் என்று நான் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன். அவர் எனக்கு உபகாரம் செய்துகொண்டிருந்திருக்கிறார்! பஸ்ஸுக்கு நேரமாகிறது என்று கிளம்பினேன். "எல்லா ஆட்டத்துக்கும் ஒரு சத்தம் குடுத்துடும்மா" என்று பின்னாலேயே சொல்லிக்கொண்டு கேட் வரை வந்தார்.

கொடுத்தேன். அந்த சீசன் முழுக்கக் கொடுத்தேன். கோலுக்கு இரண்டு குதி, எதிரணி போட்டால் ஒரு குதி என்று எங்களுக்குள் ஏற்பாடு. சொல்லச் சொல்ல அதில் ஒரு ருசி வந்துவிட்டது, மறைப்பானேன். பந்து வலைக்குள் விழுந்ததும் எனக்குக் கீழ் வீட்டு ஞாபகம்தான் முதலில் வரும். ஒரு தடவை எதிர்வீட்டு காலேஜ் பையன் பால்கனியில் வந்து, "அக்கா, எங்களுக்கு இன்னும் வரல, கொஞ்சம் மெதுவா" என்று கும்பிட்டான். எனக்குக் கோபம் வந்ததே ஒழிய வெட்கம் வரவில்லை.

எங்கள் அணி எப்படியோ தத்தித் தடவி இறுதியாட்டத்துக்கு வந்துவிட்டது. அன்றைக்கு அவர் காலையிலிருந்தே சாப்பிடவில்லை என்று கீழ் வீட்டு அம்மா வந்து சொன்னார்கள். ஆட்டம் சமன். கூடுதல் நேரமும் சமன். கடைசியில் பெனால்ட்டி. என் வீட்டுக்காரருக்கு ஃபுட்பால் பிடிக்காது, ஆனாலும் அன்று என் பக்கத்தில் தரையில் உட்கார்ந்திருந்தார். ஒவ்வொரு உதையும் முடிந்ததும் நான் கத்துவேன், கீழிருந்து "சரிம்மா!" என்று பதில் வரும். உடனே அவர் தொண்டையைச் செருமிக்கொண்டு, தெரிந்துபோன அந்த உதையைத் தைரியமாகப் பார்ப்பார்.

ஐந்தாவது உதை எங்களுடையது. இதை அடித்தால் ஆட்டம் தொடரும், விட்டால் கோப்பை போய்விடும். எங்கள் ஆள் பந்தை வைத்தான், பின்னால் நடந்தான், ஓடி வந்து உதைத்தான். கோல்கீப்பர் சரியான பக்கம் பாய்ந்து, இரண்டு கையாலும் தட்டி வெளியே தள்ளிவிட்டான்.

என் வீட்டுக்காரர் "அய்யோ, போச்..." என்று தொடங்கினார். பாய்ந்து அவர் வாயைப் பொத்தினேன். கீழே அவருக்கு இன்னும் வரவில்லை. அவர் டி.வி.யில் எங்கள் ஆள் இன்னும் நடுக்கோட்டிலிருந்து நடந்து வந்துகொண்டிருப்பான். அந்த அரை நிமிடம் அங்கே கோப்பை நம் கையை விட்டுப் போகவில்லை. அவர் நெஞ்சு அடித்துக்கொள்ளட்டும், பரவாயில்லை. இதை எந்த வாயால் சொல்வது? காலைக்கூட அசைக்கவில்லை. மூச்சை அடக்கிக்கொண்டு தரையைப் பார்த்துக்கொண்டு இருந்தேன். ஒரு மனிதருக்காக அவ்வளவு மெனக்கெட்டு நான் சும்மா இருந்தது என் வாழ்க்கையில் அந்த ஒரு தடவைதான்.

கீழே அவர் குரல் கேட்டது. கூச்சலில்லை, பேச்சுதான்.

"போச்சு. வுட்டுட்டான்."

"இன்னாங்க, அவன் இன்னும் பந்தையே வைக்கலியே!" என்றார்கள் அம்மா.

"மேல சத்தமே இல்ல பாரு. அடிச்சிருந்தா இந்நேரம் குதிச்சிருக்கும். சொல்ல மனசு வராம ஒக்காந்துக்கினு இருக்குது. நீ போ, ஜல்தியா அந்த மோரை எடுத்துக்கினு மேல போய்க் குடு. அழுவும் அது."

என் வீட்டுக்காரர் வாயிலிருந்து நான் இன்னும் கையை எடுக்கவில்லை. அம்மாவின் கொலுசுச் சத்தம் மாடிப்படியில் ஏறி வந்தது. கீழே டி.வி.யில், ஓடி வருகிறார், ஓடி வருகிறார் என்று வர்ணனையாளர் குரல் அப்போதுதான் உயரத் தொடங்கியது.